தாடி இருக்கட்டும்

கத்தரிச் சத்தம் நின்றுவிட்டதே, ஏன்?

கண்ணை மூடிக்கொண்டுதான் உட்காருவேன். வழக்கம். ஆனால் சத்தத்தை வைத்தே சொல்லிவிடுவேன், கை புதுசா பழசா என்று. கஜேந்திரன் கத்தரி கிச்சுக் கிச்சுக் என்று நிற்காமல் ஓடும். உங்கள் கத்தரி ரெண்டு தரம் ஓடுகிறது, அப்புறம் யோசிக்கிறது. யோசிக்க ஒன்றுமே இல்லை தம்பி. சீப்பைத் தாடிக்குள் படுக்க வையுங்க. சீப்புக்கு மேலே எது நீட்டிக்கொண்டிருக்கிறதோ அதை மட்டும் எடுங்க. மீசையில் கை வைக்க வேண்டாம். ஓரம் மட்டும். கஜேந்திரன் எங்கே, மச்சினன் கல்யாணமா? இருக்கட்டும், இருக்கட்டும்.

என்ன கேட்டீங்க? "மொத்தமா எடுத்துடலாமா சார்"?

நாளைக்கு எங்கள் அம்மாவுக்குக் கருமாதி என்று நான் வாயை விட்டதால் கேட்கிறீங்க. புரிகிறது. உங்களுக்கும் ஊர் பக்கம் என்று பேச்சிலேயே தெரிகிறது. துக்கம் நடக்கும்போது தாடியை ஒழுங்கு பண்ணிக்கொள்ள வந்திருக்கிறானே, இது என்ன மனுஷன் என்று தோன்றும். தோன்றட்டும். நாளைக்கு மதுராந்தகம் ஏரிக்கரையில் மொட்டை போட்டு மீசை எடுக்கப் போகிறவன் என் தம்பி துளசிங்கம். கடைசிப் பிள்ளை. அம்மாவுக்கு அவன்தான் கொள்ளி வைத்தான், அவன்தான் காரியமும் செய்ய வேண்டும். நான் பெரியவன். எனக்கு இருந்தது அப்பா காரியம்தான்.

அதைத்தான் நான் செய்யவில்லை என்று ஊரே பேசுகிறது.

நீங்க சீப்பை எடுங்க. வேலை நடக்கட்டும், நான் சொல்கிறேன்.

என்னைப் பார்த்தால் உங்களுக்குத் தெரியாது. நீங்க பிறந்திருக்கவே மாட்டீங்க. டிவி வந்த புதுசு. ஒரே சேனல். தெருவுக்கு ஒரு வீட்டில் பெட்டி இருந்தால் அது பணக்காரத் தெரு. பெட்டியைப் போட்டால் முதலில் சத்தம்தான் வரும். படம் வர நேரம் பிடிக்கும். எல்லாரும் இருட்டுப் பெட்டியைப் பார்த்துக்கொண்டே பேச்சைக் கேட்டுக்கொண்டிருப்பார்கள். மெதுவாக ஒரு வெளிச்சம் வந்து, அதில் ஒரு முகம் தெரியும். அந்த முகங்களில் ஒரு முகம் என்னுடையது. 'டீக்கடை தாடி' என்றால் அன்றைக்கு மவுண்ட் ரோடில் பஸ் கண்டக்டர் திரும்பிப் பார்ப்பான். "இன்னா தாடி, டீ ரெடியா?" என்பான்.

அப்போது நான் ராயப்பேட்டையில் ஒரு பைண்டிங் கடையில் இருந்தேன். நாடக ஆசை. அமெச்சூர் குழுவில் சேவகன், போலீஸ், பிணம், எது கொடுத்தாலும் செய்வேன். எங்கள் குழு நாடகத்தைப் பார்க்க டிவி நிலையத்திலிருந்து ஒரு தயாரிப்பாளர் வந்தார். பரசுராமன் என்று பெயர். வாரம் ஒரு பகுதி, மூன்று மாசம் ஓடுகிற தொடர் ஒன்று எடுக்கப் போவதாகச் சொன்னார். ஒரு விதவையின் நிலத்தை ஊர்ப் பெரிய மனுஷன் பொய்ப் பத்திரம் எழுதி எடுத்துக்கொள்வான். அந்த ஊர் டீக்கடைக்காரன் நான்.

முதல் கண்டிஷனே தாடிதான். ஒட்டுத் தாடி கூடாது என்றார். ஏன் தெரியுமா? அதற்கு முன்னால் அவர் எடுத்த ஒரு புராண நாடகத்தில் முனிவர் பாயசம் குடிக்கிற காட்சி. ஸ்டுடியோ விளக்குச் சூட்டில் பசை இளகிப்போய், பாதித் தாடி பாயசக் கிண்ணத்தில் விழுந்துவிட்டது. அந்தக் காலத்தில் வெட்டி ஒட்டுவதெல்லாம் சுலபமில்லை. நாடகம் ஒரே மூச்சாக ஓடும், நடுவில் தப்பு வந்தால் முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும், ஸ்டுடியோ நேரம் முடிந்தால் முடிந்ததுதான். அப்படியே ஒளிபரப்பிவிட்டார்கள். நேயர் கடிதம் வாசிக்கிற நிகழ்ச்சியில் ஒருத்தர் கேட்டிருந்தார், 'பாயசத்தில் தாடி இருந்ததே, அது எந்த ஆசிரமத்துச் சமையல்' என்று. அன்றிலிருந்து பரசுராமன் சாருக்கு ஒட்டுத் தாடி என்றாலே காய்ச்சல். "சொந்தமா வளர்த்துட்டு வாப்பா. வளர்ந்த அளவு அப்படியே இருக்கணும். ஒரு வாரம் நீளம், ஒரு வாரம் குட்டைன்னா ஜனங்க கடிதாசு போட்டே கொன்னுடுவாங்க."

வளர்த்தேன். இதோ, நீங்க சீப்பு வைத்திருக்கிற இதே அளவு.

வாரா வாரம் எனக்கு ஒரு வசனம். "சூடா இருக்கு, பார்த்து." கிளாஸை நீட்டிவிட்டுச் சொல்ல வேண்டும். அவ்வளவுதான். ஆனால் அதை நான் சொன்ன விதம் இருக்கிறதே! வில்லனுக்குக் கொடுக்கும்போது ஒரு மாதிரி, விதவைக்குக் கொடுக்கும்போது ஒரு மாதிரி. அதைப் பார்த்துவிட்டுத்தான் பரசுராமன் சார் கடைசிப் பகுதியில் எனக்கு ஒரு சீன் எழுத வைத்தார். பஞ்சாயத்தில் டீக்கடைக்காரன் எழுந்து சாட்சி சொல்கிறான். மூன்று பக்கம், தம்பி. வாத்தியாராக நடித்தவர் கோபாலசாமி என்று ஒருத்தர், பெரிய ஆபீசில் உத்தியோகம். அவருக்கு வயிறு எரிந்தது. "மூணு மாசமா டீ ஆத்தினவனுக்கு மூணு பக்கமா?" என்று மேக்கப் ரூமில் என் காதில் விழும்படியே சொன்னார்.

அந்த நேரத்தில்தான் அப்பா போனார்.

ரைஸ் மில்லில் பாய்லர்க்காரர் எங்கப்பா. சாப்பிட்டுவிட்டுப் படுத்தவர் எழுந்திருக்கவில்லை. தந்தி வந்தது, போனேன், கொள்ளி வைத்தேன். அதில் ஒரு குறையும் இல்லை. யார் வேண்டுமானாலும் சொல்லட்டும். கொள்ளி வைத்தவன் நான்தான். ஆனால் கணக்குப் போட்டுப் பார்த்தால் கருமாதி ஞாயிற்றுக்கிழமை வருகிறது, கடைசிப் பகுதி ரெக்கார்டிங் செவ்வாய்க்கிழமை. இருக்கிறது ஒரே ஸ்டுடியோ. விவசாயம், கச்சேரி, பிள்ளைகள் நிகழ்ச்சி எல்லாம் அதில்தான். தேதி மாற்ற முடியாது.

மெட்ராஸ் வந்து பரசுராமன் சாரைப் பார்த்தேன். என் தோளைத் தொட்டு வருத்தப்பட்டார். நல்ல மனுஷர். டீ வாங்கிக் கொடுத்தார். நான் குடித்து முடிக்கிற வரைக்கும் காத்திருந்தார். அப்புறம் மெதுவாக, "தாடி?" என்றார்.

நான் காலி கிளாஸைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன்.

"கட்டாயப்படுத்த மாட்டேன்பா. அப்பா காரியம். எடுத்துட்டேன்னா அந்த சீனை வாத்தியாருக்கு மாத்திடறேன். கோபாலசாமி ரெடியாத்தான் இருக்கார்."

சொல்லுங்க தம்பி. நீங்க என்ன செய்திருப்பீங்க? சும்மா கேட்கிறேன். பதில் வேண்டாம். வேலையைப் பாருங்க. காதுக்குப் பக்கத்தில் ஜாக்கிரதை.

ஏரிக்கரையில் எல்லாரும் உட்கார்ந்திருந்தார்கள். பங்காளிகள், சம்பந்தி வகையறா, மில் ஆட்கள். கத்தியைத் தீட்டிக்கொண்டு முடி எடுக்கிறவர் மணைக்குப் பக்கத்தில் காத்திருந்தார். "பெரியவர் வாங்க" என்று கூப்பிட்டார். நான் எழுந்திருக்கவில்லை. தாடியை விட்டுவிட்டுத் தலையை மட்டும் எடுங்க என்று கேட்டுப் பார்த்தேன். டீக்கடைக்காரன் எப்போதும் தலையில் துண்டு கட்டியிருப்பான், மொட்டை தெரியாது. அதையும் யோசித்து வைத்திருந்தேன், பாருங்க! ஒத்துக்கொள்ளவில்லை. மாமா ஏகாம்பரம் சிரித்தார். "இன்னாடா செங்கல்வராயா, உங்கப்பன் என்ன பாதியா செத்தான்? பாதி மயிரு எடுக்கச் சொல்றே?"

எல்லாரும் சிரித்தார்கள். கருமாதியில் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை.

விஷயத்தைச் சொன்னேன். சீன் இருக்கிறது, மூன்று பக்கம், செவ்வாய்க்கிழமை என்று. மாமாவின் முகம் மாறிவிட்டது. "அப்பன் செத்துக்கூட உனுக்கு மயிரு போகலையாடா? டீ ஆத்துற கூத்துக்கு இவ்ளோ பவிசா?" என்றார். துளசிங்கம்தான் எழுந்தான். சட்டையைக் கழற்றி என் மடியில் போட்டுவிட்டுப் போய் மணையில் உட்கார்ந்தான். அவனுக்கு அப்போதுதான் மீசை ஒழுங்காக முளைத்திருந்தது. அதை எடுத்தார்கள். என் எதிரில், வேண்டுமென்றே. நல்ல பெயர் வாங்கிக்கொள்ள அவனுக்குச் சின்ன வயசிலிருந்தே தெரியும்.

வீட்டுக்கு வந்தால் அம்மா உள்ளே மூலையில் உட்கார்ந்திருந்தாள். நெற்றி வெறுமையாக, கழுத்து வெறுமையாக. எல்லாரும் அவளிடம் சொல்லிவிட்டார்கள். நான் போய் எதிரில் நின்றேன். திட்டுவாள் என்று நினைத்தேன். என் தாடியையே பார்த்தாள்.

"என்னிக்கு வருது அது?"

"வர்ற செவ்வாய் ரெக்கார்டிங்மா. அதுக்கு அடுத்த செவ்வாய், ஏழு மணிக்கு டிவியில வரும்."

"சரி. பாக்கறேன்."

அவ்வளவுதான். எனக்குச் சுருக்கென்றது. பாக்கறேன் என்றால் என்ன அர்த்தம்? அப்பாவுக்கு மேலே அப்படி என்ன கிழித்தாய் என்று பாக்கறேன், அதுதானே? அவள் பேச்சே அப்படித்தான், தம்பி. ஊசி மாதிரி. குத்தியது வெளியே தெரியாது.

ரெக்கார்டிங் அன்றைக்கு நான் நடித்தேன் பாருங்க. தலைத் துண்டோடு பஞ்சாயத்து நடுவில் வந்து நிற்கிறேன். "நான் டீ ஆத்துறவன். எனக்குப் பொய்யை ஆத்தத் தெரியாது. அன்னிக்கு விடியறப்ப அடுப்பைப் பத்த வச்சுட்டு நிமிர்ந்தேன்..." என்று ஆரம்பிக்கும். இப்போது சொல்லச் சொன்னாலும் மூன்று பக்கமும் சொல்வேன். அடுப்பைப் பத்த வைத்துவிட்டு நிமிர்ந்தேன் என்கிற இடத்தில் எனக்கு அழுகை வந்துவிட்டது. வசனத்தில் அழுகை கிடையாது. தேம்பித் தேம்பி அழுதுகொண்டே மூன்று பக்கத்தையும் முடித்தேன். காமிராவில் சிவப்பு விளக்கு அணைந்த பிறகும் நிற்கவில்லை. லைட் போடுகிறவர்கள் மேலேயிருந்து கை தட்டினார்கள். கோபாலசாமி கூட வந்து கையைப் பிடித்துக்கொண்டார். ஒரு சொட்டு கிளிசரின் கிடையாது, தம்பி! அப்பா செத்ததற்குக்கூட எனக்கு அப்படி வரவில்லை. அதுதான் நடிப்பு. சும்மா வராது.

அடுத்த செவ்வாய் வந்தது.

அன்றைக்குக் காலையில் வடக்கே ஒரு பெரிய தலைவர் இறந்துபோனார். உங்களுக்குத் தெரியாது, அந்தக் காலத்தில் பெரிய ஆள் யாராவது போனால் டிவியில் எல்லா நிகழ்ச்சியும் ரத்து. செய்தி, அப்புறம் சோக வயலின். திரையில் ஒரு குத்துவிளக்குப் படம் அசையாமல் நிற்கும், பின்னால் வயலின் இழுத்துக்கொண்டே இருக்கும். நான் ராயப்பேட்டையில் ரேடியோ கடை வாசலில் நின்று அந்தக் குத்துவிளக்கைப் பார்த்தேன். நாடே துக்கத்தில் இருக்கிறது, நான் யாரிடம் போய் என்ன சொல்ல?

ஊரில் என்ன நடந்தது என்று பிற்பாடு துளசிங்கம் சொன்னான். சொன்னானா, கத்தினானா என்று வைத்துக்கொள்ளுங்க.

தாலி இறக்கிய பொம்பளை அத்தனை சீக்கிரம் படி தாண்ட மாட்டாள் எங்கள் பக்கம். அம்மா தாண்டினாள். சாயங்காலமே குளித்து, ஒரு வெள்ளைப் புடவையைச் சுற்றிக்கொண்டு, மளிகைக்கடை நாயுடு வீட்டுக்குப் போய்விட்டாள். அங்கேதான் பெட்டி இருந்தது. தென்னை மர உயரத்துக்குக் கம்பம் நட்டு ஆன்டெனா வைத்திருந்தார்கள். நல்ல நாள் பார்க்கிற குடும்பம். அம்மாவை உள்ளே கூப்பிடவில்லை, வாசல்படியிலேயே ஒரு சாக்கை மடித்துப் போட்டார்கள். அவள் அதில் உட்கார்ந்தாள். பெட்டியைப் போட்டதும் முதலில் சத்தம் வந்தது, வயலின். அம்மா பக்கத்தில் இருந்தவளிடம், "ஆரம்பிச்சுட்டான்" என்றாளாம்.

நாடகத்து வாத்தியம் என்று நினைத்துக்கொண்டாள். குத்துவிளக்குப் படம் வந்தது. நல்லது, விளக்கேற்றி ஆரம்பிக்கிறார்கள் என்று நினைத்திருக்கலாம். கூட்டம் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுக் கலைந்துவிட்டது. அவள் எழுந்திருக்கவில்லை. நாயுடு வந்து, "பச்சையம்மா, டில்லியில பெரியவர் ஒருத்தர் போயிட்டாராம், இன்னிக்கு ஒண்ணும் வராது" என்றார். "இவன் வருவான், சொல்லியிருக்கான்" என்றாளாம். பெட்டியை அணைக்கிற வரைக்கும் அந்த வயலினைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

துளசிங்கம் என் சட்டையைப் பிடித்தான். "உனக்கு சீனும் இல்ல, ஒண்ணும் இல்ல. பொய். தாடிய எடுத்தா மூஞ்சி நல்லா இருக்காதுன்னு பொய் சொல்லிட்டே. அம்மாவ ஊரான் வாசல்ல உக்கார வச்சுட்டியே!" மாமா எல்லாருக்கும் சொல்லிவிட்டார், சீனே கிடையாது என்று. இதற்கு நான் என்ன செய்ய? தலைவரை நானா சாகச் சொன்னேன்?

காட்டிவிடலாம், அவர்கள் வாயை அடைத்துவிடலாம் என்று நிலையத்துக்கு நடையாய் நடந்தேன். துக்கம் முடிந்ததும் அட்டவணை மாறிவிட்டது. தொடர் அப்படியே நின்றுபோனது. பரசுராமன் சாருக்கு வேறு மாநிலத்துக்கு மாற்றல் வந்துவிட்டது. மூட்டை கட்டிக்கொண்டிருந்தார். "இடம் கிடைச்சா போடுவாங்க. இல்லேன்னா மறுபடி எடுப்போம்பா. தாடி இருக்கட்டும்" என்றார். சத்தியமாக அப்படித்தான் சொன்னார். தாடி இருக்கட்டும்.

டேப் ரூமில் ஒருத்தர் பழக்கம். அவரைப் பிடித்தேன். டேப் அப்போது தட்டுப்பாடு, ஒளிபரப்பாகாமல் கிடப்பதை எல்லாம் அழித்து அதன் மேலேயே வேறு பதிவு பண்ணுவார்கள். டேப் பெட்டியை எடுத்துத் திருப்பிப் பார்த்தார். தலையைச் சொறிந்தார். "அதுலதாங்க தென்னையில காண்டாமிருக வண்டு எடுத்தாச்சு" என்றார்.

வண்டு! அந்த விவசாய நிகழ்ச்சியை நான் உட்கார்ந்து பார்த்தேன், தம்பி. ஒரு அதிகாரி குச்சியால் மரத்தைத் தட்டித் தட்டிக் காட்டினார். நான் வண்டைப் பார்க்கவில்லை. அதற்கு அடியில் எங்கேயாவது நான் கொஞ்சம் தெரிகிறேனா என்று பார்த்தேன்.

அப்புறம் கூப்பிடுவார்கள், கூப்பிடுவார்கள் என்று இருந்தேன். வேறு தாடி வேஷம் ரெண்டு கொடுத்தார்கள். ஒன்றில் பிச்சைக்காரன், ஒன்றில் கூட்டத்தில் ஒருத்தன். அப்புறம் புதுப் பசங்கள் வந்தார்கள், கலர் வந்தது, வேறு சேனல்கள் வந்தன. பைண்டிங் கடை மூடிவிட்டது. இப்போது கூரியர் ஆபீசில் கட்டுப் பிரிக்கிறேன். தாடி நரைத்துவிட்டது, அதனால் என்ன? டீக்கடைக்காரனுக்கு வயசாகாதா? தொடரை விட்ட இடத்தில் பிடித்தால் அவனும் கிழவனாகத்தானே இருப்பான்? அளவு மாறக் கூடாது, அவ்வளவுதான்.

அம்மா கதையைக் கேளுங்க. எப்போது ஊருக்குப் போனாலும் தண்ணீர் கொடுப்பாள். நான் குடித்ததும், "அது வந்துதா?" என்பாள். சாப்பிட்டாயா கிடையாது, உடம்பு எப்படி இருக்கிறது கிடையாது. அது வந்துதா? எத்தனை வருஷம் ஒருத்தனை இப்படிக் குத்த முடியும்? துளசிங்கம் வீட்டுக்குச் சொந்தமாக டிவி வாங்கினான். செவ்வாய்க்கிழமை ஏழு மணியானால் அம்மா அந்தப் பழைய சேனலை வைக்கச் சொல்லி முன்னால் உட்கார்ந்துகொள்வாளாம். பேரப் பிள்ளைகள் மாற்றினால் கையைத் தட்டிவிடுவாளாம். அதைத் துளசிங்கத்தின் பெண்டாட்டி சிரித்துக்கொண்டே என்னிடம் சொன்னாள். "அத்தைக்கு உங்க மேல அவ்ளோ இது, மாமா." எனக்குத் தெரியாதா, எது என்று? பிள்ளை பொய்யன் என்று வாரா வாரம் வீட்டாருக்கு நிரூபித்துக் காட்டுகிறாள். வருகிறதா பாருங்க, வரவில்லை, பாருங்க. கண்ணில் புரை விழுந்த பிறகும் விடவில்லை. சத்தத்தையாவது கேட்கிறேன், அவன் குரல் எனக்குத் தெரியும் என்பாளாம்.

உயிர் அவளுக்கு நல்லபடியாகத்தான் போனது. நான் போய் நின்றேன். தாடியைப் பார்த்துவிட்டு யாரும் பேசவில்லை. மாமா ஏகாம்பரம் இல்லை, அவரும் போய்ச் சேர்ந்தாயிற்று. அன்றைக்கே பஸ் ஏறி வந்துவிட்டேன்.

இன்றைக்குக் காலையில் துளசிங்கம் போன் பண்ணினான். நாளைக்குச் சீக்கிரம் வந்துவிடு என்றான். நான் முந்திக்கொண்டேன். "தாடியப் பத்தி எவனாவது பேசினா நான் வரல" என்றேன்.

துளசிங்கம் சொன்னான். "எவனும் பேச மாட்டான்ணே. அம்மா சொல்லிட்டுத்தான் போச்சு. நான் செத்தாலும் அவன மயிரு எடுக்கச் சொல்லாதீங்கடா, அது வர்றப்ப அவனுக்கு வேணும்னு."

பார்த்தீங்களா? பார்த்தீங்களா தம்பி, அவள் வாயை? சாகப் போகிற நேரத்திலும் விடவில்லை. சொல்லிக் காட்டிவிட்டுத்தான் போயிருக்கிறாள்.

என்ன, கத்தரியைக் கீழே வைத்துவிட்டீங்களா? சத்தம் கேட்டதே. ஏன்? துக்க வீட்டுக்காரன் என்று யோசிக்கிறீங்களா? அதுதான் அவளே சொல்லிவிட்டாளே, எடுக்க வேண்டாம் என்று. அப்புறம் உங்களுக்கு என்ன?

இல்லை, துண்டு வேண்டாம். கண்ணில் முடி விழுந்திருக்கிறது, அதனால் தண்ணீர் வருகிறது. நான் கண்ணைத் திறக்கப் போவதில்லை. இடது பக்கம் முடிந்ததா? வலது பக்கம் அப்படியே நிற்கிறது பாருங்க. ஒரு பக்கம் குட்டை, ஒரு பக்கம் நீளம் என்று போய் அங்கே நிற்க முடியுமா? சீப்பை வையுங்க. சீப்புக்கு மேலே தெரிவதை மட்டும்.

ம்.

அப்படித்தான். நிறுத்தாமல் ஓடட்டும்.